பெரியப்பாவின் தகரப்பெட்டியில் இரண்டு வகைச் சீன முத்திரைகள்

யாழ்ப்பாணத்திலிருந்து ஒருவர் கேட்டிருக்கிறார்: "கொழும்பில் வேலை பார்த்த எங்கள் பெரியப்பா 1960-களில் ஒருமுறை சீனா போய்வந்தவர். அவர் விட்டுப்போன தகரப்பெட்டியில் சீன முத்திரைகள் இருக்கின்றன. இவற்றை எப்படிப் பாதுகாப்பது? விலை ஏதும் போகுமா?"

கேள்வியைப் படித்ததும் நான் கல்லில் வெட்டிய முத்திரையைத்தான் நினைத்தேன். கூடவே வந்த முதல் ஆறு படங்களிலோ வெறும் தபால்தலைகள், ஒரு கடித உறை. தபாற்கந்தோரில் வாங்கி உறையில் ஒட்டுவதற்கும் உங்கள் ஊரில் முத்திரை என்றே பெயர் என்பது சென்னைக்காரனான எனக்குச் சற்றுத் தாமதமாகத்தான் நினைவு வந்தது. சிரித்துக்கொண்டே ஏழாவது படத்தைத் திறந்தால், சிங்கம் குந்தியிருக்கும் ஒரு சிறு கல், பக்கத்தில் பீங்கான் டப்பியில் காய்ந்துபோன சிவப்புக் களிம்பு. ஆக, உங்கள் சொல் இரண்டுக்குமே பொருந்திவிட்டது. குழப்பம் வேண்டாம் என்பதால் கல்லை முத்திரை என்றும், காகிதத்தைத் தபால்தலை என்றும் எழுதுகிறேன்.

கல்லிலிருந்து தொடங்குகிறேன். நீங்கள் அதைக் கடைசிப் படமாக, அலட்சியமாக அனுப்பியிருந்தாலும் பெட்டியில் எனக்கு அதிகம் பிடித்தது அதுதான்.

அது ஆளின் பெயரைத் தாங்கிய முத்திரை. அடிப்பாகத்தைக் காட்டும் படத்தைக் கணினியில் இடவலம் மாற்றிப் பார்த்தேன். நான்கு எழுத்துகள், இரண்டு நிரைகள். சீன முத்திரையை வலப்பக்க நிரையில் மேலிருந்து கீழாகப் படித்து, பிறகு இடப்பக்க நிரைக்கு வர வேண்டும். அப்படிப் படித்தால் லா, ஷி, யா என்று மூன்று ஒலிகள் வருகின்றன. நான்காவது எழுத்து 'யின்'. முத்திரை என்றே அதற்குப் பொருள். மூன்றெழுத்துப் பெயர் சதுரத்தை நிரப்பாதபோது இந்த 'யின்' வந்து இடத்தை அடைக்கும். நீங்கள் பெரியப்பாவின் பெயரை எழுதவில்லை. ராசையா என்று இருக்குமோ? சீன மொழியில் நம் 'ர' கிடையாது, பிறமொழிப் பெயர்களில் வரும் ரகரம் பெரும்பாலும் லகரமாகிவிடும். ஆங்கிலக் கடவுச்சீட்டில் நடுவில் ஓர் 'ஐ' போட்டு எழுதும் ராசையாவை ஒரு சீனச் செதுக்குநர் வாசித்துக் காட்டச் சொன்னால் 'லாஷியா' என்றுதான் கேட்டிருப்பார். பீகிங்கில் ல்யூலிச்சாங் என்று ஒரு பழைய தெரு இருக்கிறது. தூரிகை, மைக்கல், ஓவியம், முத்திரை என்று படித்தவர்களின் சாமான்கள் விற்கும் தெரு. வந்துபோகும் வெளிநாட்டு விருந்தினரின் பெயரைக் கல்லில் வெட்டிக் கொடுப்பது அங்கே சாதாரணம். உங்கள் கல்லும் அப்படி வந்ததாகவே இருக்கலாம்.

விலையை இப்போதே சொல்லிவிடுகிறேன். வேறு ஒருவர் பெயர் வெட்டிய சாதாரணக் கல்லுக்குச் சந்தையில் பெரிய விலை இல்லை. பழங்கல் வியாபாரிகள் அடிப்பாகத்தைத் தேய்த்து மட்டமாக்கி, வாங்குபவரின் பெயரைப் புதிதாக வெட்டிக் கொடுத்துவிடுவார்கள். சீனாவில் நல்ல கற்கள் பல இப்படிக் கைமாறிக் கைமாறிக் குட்டையாகிப் போனவை. யாரேனும் "சுத்தம் செய்து தருகிறேன்" என்று கேட்டால் கொடுத்துவிடாதீர்கள். சிங்கம் அப்படியே இருக்கும், பெரியப்பா போய்விடுவார்.

கல்லின் சாதியைப் படத்தைப் பார்த்துச் சொல்ல முடியாது, பொதுவாகச் சொல்லலாம். சீன முத்திரைக்கு நான்கு ஊர்க் கற்கள் பேர்போனவை: ஃபூஜியன் மாகாணத்து ஷோஷான், ஜெஜியாங் மாகாணத்து சிங்தியான், அதே மாகாணத்து சாங்ஹுவா, உள் மங்கோலியாவின் பாலின். எல்லாமே நம் கல்சட்டி செய்யும் மாக்கல்லைப் போல மென்மையானவை, சிறு உளியால் கையாலேயே வெட்டலாம். சாங்ஹுவா கல்லில் சிவப்புத் திட்டுகள் இருந்தால் அதைக் கோழிரத்தக் கல் என்பார்கள். அந்தச் சிவப்பு வேறொன்றுமில்லை, நம் சித்த வைத்தியர்கள் சாதிலிங்கம் என்று சொல்கிற பாதரசக் கந்தகம். வெயில்பட்டால் கறுத்துவிடும். ஷோஷானில் தேன்மஞ்சள் நிறத்தில் கிடைக்கும் தியான்ஹுவாங் எல்லாவற்றுக்கும் மேலே, பொன்னுக்கு நிகராக எடைபோட்ட கல். சியான்லாங் பேரரசர் ஒரே தியான்ஹுவாங் கல்லிலிருந்து மூன்று முத்திரைகளையும் அவற்றைக் கோக்கும் சங்கிலியையும் வெட்டுவித்து வைத்திருந்தார். ஒட்டு கிடையாது, ஒரே கல். இன்றும் பீகிங் அரண்மனை அருங்காட்சியகத்தில் இருக்கிறது. இதே பேரரசர்தான் தமக்குக் கிடைத்த பழைய ஓவியங்களிலெல்லாம் வெற்றிடம் கண்ட இடத்தில் சிவப்பு முத்திரையைக் குத்தித் தள்ளியவர். பள்ளிக்கூட மேசையில் பெயர் கீறும் பையனின் புத்திதான், கையில் பேரரசு இருந்தது.

சீனத்தில் முத்திரையின் பழைய வேலைகளில் ஒன்று கடிதத்தை மூடுவது. காகிதம் பரவாத ஹான் காலத்தில் மூங்கில் சிராய்களிலும் மரப்பட்டிகைகளிலும் எழுதி, கயிற்றால் கட்டி, முடிச்சின்மேல் ஒரு களிமண் உருண்டையை அப்பி, அதில் முத்திரையை அழுத்துவார்கள். மண் உடையாமல் முடிச்சை அவிழ்க்க முடியாது. இதனால்தான் அக்கால வெண்கல முத்திரைகளில் எழுத்து குடைந்து வெட்டப்பட்டிருக்கும்: மண்ணில் அழுத்தினால் எழுத்து புடைத்து நிற்கும். ஜப்பானில் ஷிகா தீவில் 1784-ல் வயலில் அகப்பட்ட பொன் முத்திரை இந்த வகையைச் சேர்ந்தது. கி.பி. 57-ல் ஹான் பேரரசர் ஜப்பானியச் சிற்றரசர் ஒருவருக்கு அனுப்பியதாகக் கருதப்படுவது. பக்கத்துக்கு 2.3 சென்டிமீட்டர், எடை 108 கிராம்.

காகிதம் வந்த பிறகு மண்ணின் இடத்தைச் சிவப்புக் களிம்பு பிடித்தது, முத்திரையும் இரண்டு வகையாகப் பிரிந்தது. எழுத்தைக் குடைந்து வெட்டினால் சிவப்புச் சதுரத்தில் வெள்ளை எழுத்து விழும். சுற்றிலும் செதுக்கி எழுத்தைப் புடைப்பாக விட்டால் வெள்ளையில் சிவப்பு எழுத்து. படித்த சீனர் இந்த இரண்டையும் ஜோடியாக வைத்திருப்பார், இயற்பெயருக்கு வெள்ளை, சிறப்புப் பெயருக்குச் சிவப்பு. உங்களுடையது வெள்ளை எழுத்து.

புலவர்கள் தாங்களே கல் வெட்டுவது பரவலானது மிங் காலத்தில். அதற்குமுன் பெரும்பாலும் எழுத்தை அறிஞர் எழுதிக்கொடுக்க, கம்மியர் உலோகத்திலோ தந்தத்திலோ வெட்டுவார். சூச்சோ நகரத்து வென் பெங் (1498–1573) சிங்தியான் மென்கல்லைக் கையில் எடுத்ததும் எழுத்தும் உளியும் ஒரே கைக்கு வந்தன. அன்றிலிருந்து முத்திரை வெட்டுவது ஓவியத்துக்கும் கவிதைக்கும் சமமான கலையாயிற்று. 1904-ல் ஹாங்சோவின் மேற்கு ஏரிக் கரையில் தொடங்கிய சீலிங் முத்திரைச் சங்கம் இன்னும் நடக்கிறது. 2009-ல் யுனெஸ்கோ இந்தக் கலையை மானுடப் பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்த்தது.

கல்லின் பக்கவாட்டில், வழக்கமாக இடப்புறம், ஊசியால் கீறியதுபோல் சிறு எழுத்துகள் இருக்கின்றனவா பாருங்கள். வெட்டியவர் தம் பெயரையும் ஆண்டையும் இடும் இடம் அது. உங்கள் கல்லுக்கு ஏதேனும் விலை உண்டென்றால் அது அந்தக் கீறலில்தான் இருக்கும், சிங்கத்தில் அல்ல.

களிம்பு காய்ந்திருப்பது படத்திலேயே தெரிகிறது. நல்ல களிம்பு என்பது சாதிலிங்கத்தூளை ஆமணக்கெண்ணெயில் குழைத்து, மாசிபத்திரி இனத்துச் செடியின் பஞ்சு போன்ற நாரைச் சேர்த்துப் பிசைந்தது. அந்த நார்தான் எண்ணெயைப் பிடித்து வைத்துக்கொள்வது. மட்டமான களிம்பென்றால் காகிதத்தில் குத்திய சில நாளில் எழுத்தைச் சுற்றி எண்ணெய் வட்டம் போடும். மேலே ஆடை கட்டியிருந்தால் மூங்கில் குச்சியால் அடியிலிருந்து மேலாக மெல்லக் கிளறிப் பாருங்கள், சில சமயம் உயிர் வரும். உலோகக் கரண்டி வேண்டாம். பாதரசச் சேர்மம் என்பதால் பிள்ளைகள் கைக்கு எட்டாமல் வையுங்கள், தொட்டபின் கையைக் கழுவுங்கள். உயிர் வராவிட்டால் புதிது ஒன்று வாங்கிக்கொண்டு பழையதை அப்படியே மூடி வைத்துவிடுங்கள்.

குத்தும் முறையிலும் ஒரு பக்குவம் உண்டு. ரப்பர் ஸ்டாம்பைப் போல ஓங்கி அடிப்பவர்களைப் பார்த்தால் எனக்குப் பல் கூசும். கல்லைக் களிம்பில் அமுக்கக் கூடாது. இட்லிக்கு எண்ணெய் தடவுவதுபோல் மேலோட்டமாகப் பல முறை தட்ட வேண்டும். தாளுக்கு அடியில் நாலைந்து தாள்களை மெத்தையாக வைத்து, கல்லை நேராக இறக்கி, நான்கு மூலையிலும் சமமாக அழுத்தி, நேராகத் தூக்க வேண்டும். நான் முதன்முதலில் சிங்கப்பூர் சைனா டவுனில் என் பெயரை வெட்டி வாங்கி, ஊருக்கு வந்து உறவினர் எல்லோருக்கும் பெருமையாகக் குத்திக் காட்டினேன். எல்லாம் தலைகீழ். ஓராண்டு கழித்துச் சீனம் படித்த நண்பர் ஒருவர் சொல்லித்தான் தெரிந்தது.

இதை இன்னும் யாராவது உண்மையில் பயன்படுத்துகிறார்களா என்று கேட்பீர்கள். தைவானில் வங்கிக் கணக்குக்குப் பதிவுசெய்த முத்திரை வைத்திருப்பவர்கள் நிறையப் பேர். பதிவுத் தபால் வந்தால் தபால்காரர் வாசலில் நின்று "பதிவுத் தபால், முத்திரையை எடுத்து வாருங்கள்" என்று கூவுவது அந்த ஊர்க்காரர் எல்லோருக்கும் தெரிந்த குரல். சீனாவில் தனிமனிதருக்குக் கையெழுத்து போதும். நிறுவனங்களுக்குத்தான் நடுவில் நட்சத்திரம் வைத்த வட்டச் சிவப்பு முத்திரை உயிர். 2020-ல் டாங்டாங் என்ற இணையப் புத்தகக் கடையின் நிறுவனர்களில் ஒருவரான லீ குவோசிங், சொந்தக் கம்பெனி அலுவலகத்துக்குள் ஆட்களுடன் புகுந்து நாற்பதுக்கும் மேற்பட்ட முத்திரைகளை அள்ளிக்கொண்டு போனார். முத்திரை கையிலிருந்தால் கம்பெனி கையில் என்பது கணக்கு.

இனி காகிதத்துக்கு வருகிறேன். ஐந்தாவது படத்தில் உள்ள உறையை ஏன் ஓரமாக மடித்து வைத்திருக்கிறீர்கள்? உடனே நிமிர்த்தி, கனமான புத்தகத்துக்கு நடுவில் வையுங்கள். முகப்பில் நெடுக்காகச் சிவப்புக் கட்டம் இருக்கிறதல்லவா, பெறுபவர் பெயரை அதற்குள் மேலிருந்து கீழாக எழுதுவது சீன வழக்கம். முகப்பில் இடமில்லாததால் இந்த உறைகளில் தபால்தலையைப் பின்பக்கம் ஒட்டியிருப்பார்கள். முன்பக்கத்தைப் பார்த்துவிட்டு "தபால்தலை இல்லாத உறை" என்று தூக்கிப் போட்டவர்கள் உண்டு. பின்பக்கத்தை மட்டும் கத்தரித்து ஆல்பத்தில் ஒட்டியவர்களும் உண்டு, சிறுவயதில் நானும் அதில் சேர்த்தி. உங்கள் உறையின் பின்னால் மடிப்பின்மேல் அனுப்பியவரின் சிறு பெயர் முத்திரையும் விழுந்திருக்கிறது. ஹான் காலத்துக் களிமண் உருண்டையின் பேரப்பிள்ளை என்று வைத்துக்கொள்ளுங்கள்.

அது கொழும்புக்கு வந்த கடிதம். 1952-ல் இலங்கையும் சீனாவும் இறப்பர்–அரிசி ஒப்பந்தம் செய்துகொண்டு, இலங்கையிலிருந்து இறப்பரும் சீனாவிலிருந்து அரிசியும் போய்வந்த காலத்தில் இரு நாட்டுக்கும் கடிதப் போக்குவரத்து பெருகியிருந்தது. அந்தக் காலத்து முழு உறை, தபால் கட்டணமும் வழியும் தேதியும் தெரிய, கிழியாமல் கிடைப்பது அரிது. உங்கள் பெட்டியில் நான் காசு கொடுத்து வாங்க நினைக்கும் ஒரே பொருள் அதுதான். தண்ணீரில் ஊறவைத்துத் தபால்தலையைப் பிரிக்கும் எண்ணம் இருந்தால் இன்றே விட்டுவிடுங்கள்.

உதிரியாகக் கிடக்கும் தபால்தலைகளை வகை பிரிக்கச் சீனம் தெரிந்திருக்க வேண்டியதில்லை. இரண்டு எழுத்துகளின் உருவம் மனதில் இருந்தால் போதும். ஒரு பெட்டியின் நடுவே நெட்டுக்குத்தாக ஒரு கோடு: அது 'ஜோங்', சீனா என்பதன் முதல் எழுத்து, 1912-ல் குடியரசு வந்த பிறகான தபால்தலைகளில் பெரும்பாலும் வரும். இரண்டு கால்களை அகட்டி நிற்கும் ஆள்போல் இருப்பது 'ரென்', மனிதர் என்று பொருள். பெட்டிக் கோட்டுக்குப் பக்கத்தில் இந்தக் கால்களும் இருந்தால் 'மக்கள் அஞ்சல்', அதாவது 1949-க்குப் பிறகான மக்கள் சீனம். 1992 முதல் இந்தக் கால்கள் போய், நாட்டின் பெயர் ஆங்கிலத்திலும் சேர்ந்துகொண்டது. 1949-க்கு முன் சீனக் குடியரசும், பிறகு தைவானும் வெளியிட்டவற்றில் கால்கள் இருக்காது. தைவான் தபால்தலைகளில் ஆண்டு எண்ணோடு 1911-ஐக் கூட்டினால் நம் ஆண்டு கிடைக்கும். 71 என்றிருந்தால் 1982.

நான்காவது படத்தில் இருப்பவர் சுன் யாட்-சென், குடியரசின் தந்தை. இவருடைய முகம் போட்ட சில்லறைத் தபால்தலைகள் 1931 முதல் லண்டன், நியூயார்க், ஹாங்காங், சீன நகரங்கள் என்று எங்கெங்கோ அச்சாகிக் கோடிக்கணக்கில் புழங்கியவை. விலை இல்லை, வேடிக்கை உண்டு. லண்டன் அச்சில் தலைக்குமேல் உள்ள சூரியனைப் பூதக்கண்ணாடியில் பாருங்கள்: சில தபால்தலைகளில் உள்ளே இரட்டை வளையம், சிலவற்றில் ஒற்றை. சேகரிப்பாளர்கள் இதற்காக ஆயுளைக் கழித்திருக்கிறார்கள். அவற்றின்மேல் கறுப்பிலோ சிவப்பிலோ குறுக்கே அச்சடித்த எழுத்தைப் பார்த்து "அழுக்கு" என்று ஒதுக்காதீர்கள். அது மேலச்சு, அரசாங்கம் குத்திய முத்திரை. பணவீக்கம் தலைதெறிக்க ஓடிய 1948–49-ல் புதிதாக அச்சடிக்க நேரமில்லாமல் பழைய தபால்தலைகளின்மேல் புதுவிலையைக் குத்திக்கொண்டே போனார்கள். லட்சங்கள் தாண்டி ஐம்பது லட்ச டாலர் முகமதிப்புக்குப் போயிற்று. 1949-ல் விலையே போடாமல் 'உள்நாட்டுக் கடிதம்', 'பதிவு', 'விமானம்' என்று வேலையை மட்டும் அச்சடித்த தபால்தலைகளை விட்டார்கள். அன்றன்றைய விலையை அன்றன்று தபால் அலுவலகத்தில் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டியதுதான்.

மேலச்சு சீனத் தபால்தலை வரலாற்றில் ஒரு தனி அத்தியாயம். முதல் சீனத் தபால்தலை 1878-ல் சுங்கத்துறை வெளியிட்ட 'பெரிய டிராகன்': பச்சை, சிவப்பு, மஞ்சள் என மூன்று. தனித் தேசிய அஞ்சல் 1897-ல் வேலையைத் தொடங்கியபோது புதுத் தபால்தலைகள் வந்து சேரவில்லை. லண்டனில் அச்சாகிப் பயன்படாமல் கிடந்த சிவப்பு வரிவில்லைகளின்மேல் (வரி கட்டியதற்கு அடையாளமாக ஒட்டுபவை) கறுப்பு மையில் அஞ்சல் விலையைக் குத்தினார்கள். அதில் சிறிய எழுத்தில் 'ஒரு டாலர்' குத்தியவை முப்பத்துச் சொச்சம்தான் இன்று அறியப்பட்டிருக்கின்றன. பிரியாமல் நான்காகச் சேர்ந்திருப்பது உலகத்தில் ஒன்றே ஒன்று. அந்த அஞ்சல் துறை தபால்தலைகளை ரத்து செய்யப் பயன்படுத்திய ஆரம்பக்கால முத்திரைகளில் ஒன்று பாகுவா, எட்டு மூன்றுகோட்டுக் குறிகள் கொண்ட சோதிட வட்டம். ஊருக்கு ஊர் அதன் அமைப்பு மாறும். தாவோயிசச் சோதிடம் தபால் அலுவலக மேசைக்கு வந்த கதை எனக்கு எப்போதும் பிடிக்கும்.

இரண்டாவது, மூன்றாவது படங்கள் மக்கள் சீனத்தவை. '800' என்ற எண்ணைப் பார்த்து மயங்க வேண்டாம். 1955 மார்ச்சில் பத்தாயிரம் பழைய யுவானை ஒரு புது யுவானாக்கினார்கள். அதற்கு முந்தைய 800 யுவான், பிறகு வந்த 8 ஃபென். உள்நாட்டுக் கடிதத்துக்கு அதே 8 ஃபென் 1990 வரை நீடித்தது. அதனால்தான் எந்தச் சீன ஆல்பத்திலும் எட்டுகள் மொய்த்துக் கிடக்கும்.

தங்கமீன்கள் 1960-ல் வெளிவந்த தொகுப்பு, மொத்தம் பன்னிரண்டு. உங்களிடம் ஒன்பது தெரிகிறது. ஒவ்வொன்றின் கீழ் ஓரத்திலும் பொடி எழுத்தில் '38.12-5' என்ற மாதிரி எண் இருக்கும்: முப்பத்தெட்டாவது தொகுப்பு, மொத்தம் பன்னிரண்டு, அதில் இது ஐந்தாவது. அடுத்து அடைப்புக்குறிக்குள் தொடர் எண், பிறகு ஆண்டு. எது குறைகிறது என்பதைத் தபால்தலையே சொல்லிவிடும். இவ்வளவு ஒழுங்காக நடந்துகொண்ட அஞ்சல் துறை உலகத்தில் குறைவு. அந்த ஒழுங்கு 1967-ல் நின்றுபோயிற்று. கலாசாரப் புரட்சியின் தபால்தலைகளில் தொகுப்பு எண்ணே இல்லை, மாவோவின் முகமும் கொள்கை முழக்கங்களும்தான். தபால்தலை சேர்ப்பதே பணக்காரப் பொழுதுபோக்கு என்று பழிக்கப்பட்ட அந்த ஆண்டுகளில் பலர் பயந்து ஆல்பங்களை எரித்தார்கள். எடுத்துவைத்தவர் குறைவு, ஆகவே இன்று விலை அதிகம். 1968 நவம்பரில் விற்பனைக்கு வந்து அவசரமாகத் திரும்பப் பெறப்பட்ட 'நாடெங்கும் சிவப்பு' அவற்றில் பேர்போனது: வரைபடத்தில் சீனா முழுதும் சிவப்பு, தைவான் மட்டும் வெள்ளை.

உங்கள் மீன்களில் மூலையில் மட்டும் அழகாக ஒரு கால்வட்ட முத்திரை விழுந்து, பின்னால் பசையும் அப்படியே இருந்தால், அவை கடிதத்தில் போனவை அல்ல. வெளிநாட்டுச் சேகரிப்பாளருக்காகவே முன்கூட்டி ரத்து செய்து மலிவாக விற்ற தொகுப்புகள். நம் தலைமுறைப் பிள்ளைகளின் ஆல்பங்களில் இருந்த சீனம் பெரும்பாலும் இதுதான். மதிப்பு குறைவு, அழகு குறைவில்லை. மாறாக, முத்திரை விழாத ஒரு தபால்தலையின் பின்னால் பசை இல்லை என்றால் "யாரோ கழுவிவிட்டார்கள்" என்று முடிவு கட்டாதீர்கள். 1950-களிலும் 60-களிலும் சீனா பல தொகுப்புகளைப் பசையே தடவாமல் வெளியிட்டது. தபால் அலுவலகத்தில் பசைக் கிண்ணம் இருக்கும். இன்னொன்று: 1949–50-ன் ஆரம்ப நினைவுத் தபால்தலைகளைச் சீன அஞ்சல் துறையே பிறகு சேகரிப்பாளருக்காக மறுபடி அச்சடித்தது. அசலுக்கும் மறு அச்சுக்கும் சித்திரத்தில் ஒரு கோடு, ஒரு நிழல் அளவே வித்தியாசம், விலையிலோ பல மடங்கு. நல்ல பட்டியல் நூலைப் பக்கத்தில் வைக்காமல் இவற்றை விற்கவும் கூடாது, வாங்கவும் கூடாது.

ஆறாவது படத்தின் ஓரத்தில் சிவப்புப் பின்னணியில் கறுப்புக் குரங்கு தெரிகிறது. யார் எப்போது அதை அங்கே சேர்த்தார்களோ! 1980 பிப்ரவரி 15-ல் வந்த இந்த 8 ஃபென் தபால்தலை சீன ராசி விலங்கு வரிசையின் முதல் தபால்தலை. ஓவியர் ஹுவாங் யோங்யூ வரைந்தது. ஒரு சமயம் ஒன்று பத்தாயிரம் யுவானுக்கு மேல் போனது. அதனாலேயே போலியும் ஏராளம். நானே பத்தாண்டுகளுக்கு முன் இணையத்தில் ஒருவரிடம் "பாட்டன் வைத்திருந்தது" என்ற கதையோடு ஒன்று வாங்கி ஏமாந்தவன். அசலில் குரங்கின் உரோமம் உலோகத்தகட்டில் செதுக்கி அச்சடித்தது. விளக்கைச் சாய்த்துப் பிடித்தால் ஒவ்வொரு மயிரும் தாளுக்குமேல் புடைத்து நிற்கும், விரல்நுனிக்கும் சொரசொரக்கும். என்னுடையது வழவழவென்று இருந்தது, பூதக்கண்ணாடியில் செய்தித்தாள் படம்போலப் புள்ளி புள்ளியாகத் தெரிந்தது. உங்களுடையதை விரலால் தடவாமல் முதலில் சாமணத்தால் எடுத்து விளக்கில் பாருங்கள். உரோமம் எழுந்து நின்றால் தொழில்முறை நிபுணரிடம் சான்று பெறும்வரை யாரிடமும் பேச்சுக் கொடுக்க வேண்டாம்.

1990-களுக்குப் பிறகான சீனத் தபால்தலைகள் இருந்தால் பேரக்குழந்தைகளிடம் கொடுத்துவிடலாம். 1997-ல் சூதாட்டம்போல் ஏறிய சந்தை விழுந்தபின் அந்த ஆண்டுகளின் வெளியீடுகள் பல முகமதிப்புக்கும் கீழே விற்று, சீனர்களே கடிதத்தில் ஒட்டித் தீர்த்தார்கள். ஆனால் அதே 1997-ல் வந்த ஷோஷான் கற்செதுக்குத் தொகுப்பின் மினியேச்சர் தாள் (தபால்தலையைத் தன்னுள் கொண்ட சிறு தனித்தாள்) எங்காவது மலிவாகக் கிடைத்தால் வாங்கிப் பெரியப்பாவின் கல்லோடு வையுங்கள். அதில் இருப்பது நான் மேலே சொன்ன சியான்லாங்கின் சங்கிலி முத்திரைகள். சி பைஷியின் ஓவியங்களை வைத்து 1980-ல் வந்த பதினாறு தபால்தலைகளும் அப்படியே. ஹுனான் கிராமத்தில் தச்சனாகத் தொடங்கிய அவர், ஒரே வெட்டில் கல்லைப் பிளந்துகொண்டு போகும் உளிக்காரர். 'முந்நூறு முத்திரைக் கல் படைத்த செல்வந்தன்' என்று தமக்கே ஒரு முத்திரை வெட்டிக்கொண்டவர். அந்தத் தபால்தலைகளில் கையெழுத்தின் ஓரம் கடுகளவு சிவப்பு தெரியும் இடத்தைப் பூதக்கண்ணாடியில் பார்த்தால், தபால்தலைக்குள் ஒரு முத்திரை.

நீங்கள் செய்ய வேண்டியது கொஞ்சம்தான். தபால்தலைகளைச் சாதாரணப் பிளாஸ்டிக் உறையிலிருந்து எடுத்து, அமிலமில்லாத தாள் கொண்ட ஆல்பத்துக்கு மாற்றுங்கள். யாழ்ப்பாணத்து ஈரத்துக்குப் பெட்டிக்குள் சிலிக்கா பொட்டலம் ஒன்று போடுங்கள். கல்லைப் பஞ்சில் சுற்றித் தனியே வையுங்கள், வெயில் வேண்டாம். வைக்குமுன் நல்ல களிம்பில் ஒருமுறை குத்தி, அந்தப் பதிவைப் படம் எடுத்து எனக்கு அனுப்புங்கள். கல்லின் இடப்பக்கத்தையும் சாய்வான வெளிச்சத்தில் எடுத்து அனுப்புங்கள், கீறல் இருந்தால் ஆண்டு தெரியும். பெயர் ராசையாதானா என்பதையும் மறக்காமல் எழுதுங்கள்.